பன்னிரண்டாயிரம் வார்

இக்கீக்கே. பாலைக்கும் கடலுக்கும் நடுவே
தகரக் கிடங்கு.
சுங்கத்து யெர்கோ பெட்டியைக் கிழிக்கிறான்:
பன்னிரண்டாயிரம் கைக்கடிகார வார்,
கட்டிக்கொள்ள ஒரு கையில்லை.
கடிகாரங்கள் வேறு கப்பலில்,
வேறு கணக்கில், வேறு யாருக்கோ.

தோல் என்கிறது பட்டியல்.
அவன் மூக்கு நம்பவில்லை.
லைட்டரைக் கொளுத்தி
ஒன்றின் நுனியைக் காட்டுகிறான்.
முடி கருகும் நாற்றம் இல்லை;
கறுப்பாய்ச் சொட்டுகிறது
சிமெண்டுத் தரையில்.

"தோலுக்குத்தான் பணம் கட்டினேன்,"
என்கிறாள் நைரா.
அவனிடம் இல்லை, பெட்டியிடம்.

பிளாஸ்டிக் என்று எழுதுகிறான்.
கருகியதை மாதிரி உறையிலிட்டு ஒட்டுகிறான்.
வெளியே கிரேன்
அடுத்த கொள்கலனைத் தூக்குகிறது.

கையெழுத்துப் போடும் முன்
பேனாவைக் கேட்டு வாங்கி
எண்ணிக்கையை அடித்துத் திருத்துகிறாள்:
பதினோராயிரத்துத் தொள்ளாயிரத்துத்
தொண்ணூற்றொன்பது.