முட்டை போக

தண்டையார்பேட்டையில் ஏறியதும் சீட் கிடைத்தது.
மடியில் ஐந்தாம் வகுப்பு 'ஆ' பிரிவு,
முப்பத்தொரு விடைத்தாள்.
மெட்ரோ ஆடாமல் போகும், கோடு கோணாது.

ஏழாவது கேள்வி:
ஐந்தின் கீழ் இரண்டும் இரண்டரையும் சமமா?
காரணம் எழுதுக. இரண்டு மதிப்பெண்.

போன வாரம்தான் பலகையில் எழுதினேன்,
தகா பின்னம்.
எழுதும்போதே கை கூசியது.
தகாத பேச்சு, தகாத சகவாசம்,
அந்த வரிசையில் போய் நிற்கிறது
பாவம், ஓர் எண்.
தொகுதி பகுதியைவிடப் பெருத்துவிட்டது,
அது செய்த குற்றம் அவ்வளவுதான்.

"மேல கனமா இருந்தா கவுந்துராதா மிஸ்?"
கேட்டவன் ரூபன்.
மூணு பேர் சீட்டில் அஞ்சு பேராக
ஷேர் ஆட்டோவில் வருகிறவன்.
கொஞ்சம் யோசித்து
"கவுறாது மிஸ்" என்று
தானே சொல்லிக்கொண்டு உட்கார்ந்தான்.

முப்பது பேர் எழுதியிருக்கிறார்கள்:
சமம். ஈவு இரண்டு, மீதி ஒன்று.
நான் சொன்னது அப்படியே,
நான் இருமிய இடத்தில் ஒரு கமாவோடு.

யோகேஸ்வரி மட்டும்
தாளின் ஓரம் வரை எழுதியிருக்கிறாள்.
டோல்கேட் பக்கம் அவள் அப்பாவின் பிரியாணி வண்டி.
ராத்திரி பார்சல் கட்டுவது அவள்.

"சமம் இல்ல மிஸ்.
ஃபுல்லுக்கு ஒரு முட்டை,
ஆஃபுக்கும் ஒரு முட்டை.
அஞ்சு ஆஃப் வாங்குனா அஞ்சு முட்டை.
ரெண்டு ஃபுல் ஒரு ஆஃப்னா மூணுதான்.
வெவரம் தெரிஞ்சவங்க அஞ்சு ஆஃப்னுதான் கேப்பாங்க.
அப்பா மொறப்பாரு, ஆனா குடுப்பாரு.
முட்டை போக, சோறு மட்டும்னா சமம்."

வண்ணாரப்பேட்டை போயிற்று.
மண்ணடியும் போயிற்று.
பேனா இன்னும் தாளைத் தொடவில்லை.
இருபத்தொரு வருஷமாக
சமம் சமம் என்று நான் போட்ட கோடுகளில்
எத்தனை முட்டையை எண்ணாமல் விட்டேனோ.
அக்காவுக்கும் எனக்கும் வீட்டைப் பிரித்தபோதும்
சரிபாதி என்றுதான் சொன்னார்கள்.
தண்ணீர் வருகிற பாதி அவளுக்கு.

மதிப்பெண் போட்டேன்.
மேலே மூன்று, நடுவில் கோடு,
கீழே இரண்டு.

பக்கத்து சீட்டுக்காரர்
எவ்வளவு நேரமாகப் பார்த்துக்கொண்டிருந்தாரோ,
"ரெண்டுக்கு மூணு போட்டுட்டீங்க மேடம்" என்றார்.

தெரியும் என்றேன்.
சென்ட்ரலில் இறங்கும்போது
நல்ல பசி.