ஒத்தையா இரட்டையா

மூடிய கைக்குள் புளியங்கொட்டை.
ஒத்தையா, இரட்டையா?
சின்ன வயதில் நான் தோற்றதே இல்லை.
விரலுக்குள் கொட்டை உரசும் சத்தத்திலேயே
எண்ணிவிடுவேன்.

மெர்குயிக்குத் தெற்கே ரப்பர் தோட்டத்து ஆஸ்பத்திரிக்கு
இருபத்தொன்பதாம் வருஷ மழையில்
டாக்டர் துரை ஒருவர் படகில் வந்து இறங்கினார்.
நாற்பது தகர வில்லை, கழுத்தில் கட்ட நூல்,
பஞ்சு சுற்றிய ஜாடியில் புது மாத்திரை.
காய்ச்சல்காரர்களில்
ஒற்றை எண்ணுக்கு ஜாடி.
இரட்டை எண்ணுக்குச் சாக்கட்டித் தூள்.
"கம்பவுண்டர், பார்வைக்கு இரண்டும் ஒன்றாக இருக்கவேண்டும்."

ஒன்றாகத்தான் உருட்டினேன்.
ஆனால் ஜாடி மாத்திரை கசக்கும், சாக்கட்டி கசக்காது.
வேப்பம்பட்டைக் கஷாயத்தில் பிசையலாம் என்றது நான்தான்.
யாரும் கேட்கவில்லை, நானாகச் சொன்னேன்.
துரை தோளில் தட்டினார்.
நாலு நாள் அந்த இடம் சூடாகவே இருந்தது.

காகிதத்தில் ஒரு சொல் இருந்தது,
தமிழில் கேளுங்கள் என்றார்.
"சம்மதமா?" என்று கேட்டேன்.
லயத்துச் சனத்துக்கு அது
தாம்பூலத் தட்டோடு வருகிற சொல்.
"யார் வீட்டுல பொண்ணு கேக்குறீங்க?"
நடுக்கத்திலும் சிரித்தார்கள்.
சிரித்தபடியே கட்டைவிரலை நீட்டினார்கள்.

மூன்றாம் வாரம் நான்கு போனது.
பிறகு பன்னிரண்டு. பிறகு ஒரே இரவில்
முப்பதும் முப்பத்தாறும்.
எழுத்துத் தெரியாத சனம்தான்,
எண்ணத் தெரியாத சனமா?

கொளஞ்சி பின்வாசலுக்கு வந்தாள்.
மழையில் நனைந்த சீலை,
உள்ளங்கையில் மூக்குத்தி.
தம்பி அய்யாக்கண்ணு இருபத்திரண்டு.
"ஒத்தப்படையாக்கிடு சாமி."
வேறெதுவும் பேசவில்லை அவள்.

துரைக்கு முகம் பார்க்கும் வழக்கமில்லை,
தகரம் பார்ப்பார்.
ஆனால் ஒருவனை ஒற்றைக்கு ஏற்றினால்
ஒருவனை இரட்டைக்கு இறக்கியாக வேண்டும்.
பக்கத்துக் கட்டிலில் இருபத்துமூன்று,
மண்ணாங்கட்டி.
பிறவி ஊமை. கேட்பதற்கு ஆள் கிடையாது.
காய்ச்சல் இறங்கி, அன்று காலைதான்
கஞ்சியில் கொஞ்சம் ஙப்பி வேண்டுமென்று
சைகை காட்டினான்.
விளக்கைத் தாழ்த்திவிட்டு நூலை அவிழ்த்தேன்.
கண் திறந்து பார்த்தான்.
புது நூல் கட்டுகிறேன் என்று நினைத்தானோ என்னவோ,
கழுத்தைத் தூக்கிக் கொடுத்தான்.

பதினோராம் நாள்
இருபத்திரண்டு இறந்ததாக எழுதினேன்.
கையெழுத்து அழகாக இருக்கிறது என்றார் துரை.

விருத்தாசலம் பக்கத்துக் கிராமத்துக்கு
ஒரு தந்தியும் பாக்கிச் சம்பளம் பதினோரு ரூபாயும் போயின.
அங்கே அய்யாக்கண்ணுவின் ஆத்தாள் அழுது முடித்திருப்பாள்.
இங்கே அவன் தினமும் இருட்டோடு எழுந்து
பெரட்டில் நிற்கிறான்.
கங்காணி "மண்ணாங்கட்டி!" என்கிறார்.
"ஆஜர்!" என்கிறான்,
ஊமையின் பெயருக்கு உரத்த குரலில்.
புதுக் கங்காணி, அவருக்குத் தெரியாது.
தெரிந்தவர்கள் தரையைப் பார்க்கிறார்கள்.
என்னைக் கண்டால் தலைத்துண்டை எடுத்துக் கும்பிடுகிறான்.
பிள்ளை பிறந்தால் என் பெயர்தானாம்.

துரை போய்விட்டார்.
லண்டனில் ஏதோ சங்கத்தில் வாசித்தாராம்,
வளைகோடுகளோடு அச்சும் ஆனதாம்.
மாத்திரை நல்ல மாத்திரைதான்.
விலை கட்டுபடியாகாதென்று
தோட்டத்துக்கு அது வரவில்லை.

மூக்குத்தி என்னிடம்தான் இருக்கிறது.
விற்கப் போய் இரண்டு தடவை
தட்டான் கடை வாசலோடு திரும்பினேன்.

மீந்த உருண்டைகள் ஒரு டப்பா நிறைய.
லயத்துப் பள்ளிக்கூடத்தில் சாக்கட்டி இல்லை என்று
வாத்தியார் கேட்டார், கொடுத்துவிட்டேன்.
சிலேட்டில் நன்றாகவே எழுதியது.
ஒரு பெண் குழந்தை
ஒன்று போட்டது, இரண்டு போட்டது,
இரண்டு கோணலாகிவிட
விரலை எச்சில் தொட்டு அழித்து
மறுபடி நாக்கில் வைத்து
முகத்தைச் சுளித்துக்கொண்டு
என்னைப் பார்த்துச் சொன்னது,
"கசக்குது."