ஐம்பது பாகம்

பள்ளிக்கூட வாசலில் இருந்து புறப்பட்டது நாடா.
முப்பது மீட்டர் நாடா. மூன்று முறை விரித்தார்கள்.
சோழகக் காற்று அதை நடுவில் வில்லாக்கியது.
"இழுத்துப் பிடிங்கம்மா" என்று
நுனியை என் கையிலேயே கொடுத்தார் அதிகாரி செண்பகவல்லி.
என் கடைக்கு எதிரான அளவை
நானே பிடித்து நின்றேன்.

மூன்று முறை போட்டும் ஒன்றரை மீட்டர் பாக்கி.
அது படியேறி உள்ளே வந்து
தேன்மிட்டாய்ப் பாட்டிலைத் தாண்டி
தராசுக்கு அடியில் முடிந்தது.

"நூறு கெஜம். இதுக்குள்ள பீடி சிகரெட் ஆகாது."
மூக்கையூரில் கெஜம் ஜவுளிக்கடையோடு சரி.
ஐஸ் வாங்க வந்த சந்தியாகு
இரண்டு கையையும் விரித்துக் காட்டினான்.
"இது ஒரு பாகம், ரெண்டு கெஜம்.
ஐம்பது பாகம்னு சொல்லுங்க மேடம்.
அந்தத் தண்ணிக்குப் போக விடிய விடிய ஓடணும்."
நாலு எட்டில் இருக்கிற பள்ளிக்கூடம்
அன்றைக்குத்தான் அவ்வளவு ஆழத்தில் தெரிந்தது.

தராசுக்கு இந்தப் பக்கம் குற்றம்.
அந்தப் பக்கம், கல்லா இருக்கும் பக்கம், வியாபாரம்.
பதினெட்டு ஆகாதவன் கேட்டால்
இரண்டு பக்கமும் குற்றம்.
பொட்டலங்களுக்குக் கோடே கிடையாதாம்.
எங்கே தொங்கினாலும் தடை,
படகு லைசென்ஸ் மாதிரி
வருஷா வருஷம் புதுப்பிக்கிற ஆணை.
சரம் சரமாக அறுத்து எண்ணினார்கள்.
ஏலக்காய் நாற்பது. ரோஜா பதினெட்டு.
புதினா, எண்ணி முடிக்கவில்லை.

எனக்குப் புகையிலையின் சொந்த வாசனை தெரியும்.
கருவாட்டுச் சாக்கோடு லாரியில் வரும்,
ஈரக் கயிறு மாதிரி.
அதைக் கேட்டு எந்தப் பையனும் படியேறியதில்லை.
ஏலக்காய் வந்த பிறகு வந்தார்கள்.
சில்லறை சரியாக வைத்திருப்பார்கள்.
"அப்பாவுக்கு" என்பார்கள், நான் கேட்காமலே.
கேட்காத கேள்விக்கு வந்த பதிலை
அப்படியே கல்லாவில் போட்டுக்கொண்டேன்.

அப்புறம் தன் பையில் இருந்து
ஒன்றை எடுத்து மேசையில் வைத்தார் அதிகாரி.
பேனாவும் இல்லை, விசிலும் இல்லை.
இளம்பச்சை, ஓரத்தில் மினுமினுப்பு.
"இது நாடு முழுக்கத் தடை. கடையில எடுத்ததில்ல.
போன்ல சொன்னா வீட்டுக்கே வருதாம்.
மோந்து பாருங்க."
மாம்பழம். சித்திரையில்கூட
இந்த ஊருக்கு வராத அளவுக்கு மாம்பழம்.

சந்தியாகு அதை வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தான்.
"அச்சு அசல் நம்ம கணவாய்த் தூண்டில்.
அதுக்கு இரையே குத்த வேணாம் மேடம்,
நிறம் போதும்.
அதுவா வந்து கட்டிப் பிடிச்சுக்கும்."
சிரித்தான். நானும் கொஞ்சம் சிரித்தேன்.
"எங்க கிடைச்சுச்சு?"
"ஒன்பதாம் வகுப்புல. ஒரு பையன் பையில."
பெயரை அவர் சொல்லவில்லை.
ஒன்பதாம் வகுப்பில் பையன்கள் பதினோரு பேர்.
ஒருவன் பெயர் ரெக்சன்,
சந்தியாகு மகன்.

அவன் கை இன்னும் பாதி விரிந்தபடி இருந்தது.
அளக்க ஒன்றும் இல்லாமல்
மெல்ல இறங்கியது.
காசு கொடுத்துவிட்டு
ஐஸை எடுக்காமல் போனான்.

இருநூறு ரூபாய் அபராதம், ரசீதோடு.
பொட்டலத்துக்குத் தனி வழக்கு, ராமநாதபுரத்தில்.
வாசலில் சுண்ணாம்பால் கோடு இழுத்துப் போனார்கள்.
சாயங்காலமே அதைக் கபடிக் கோடாக்கிக்கொண்டார்கள் பையன்கள்.
யார் உள்ளே, யார் வெளியே என்று
ஒரே சண்டை.

அந்தச் சரம் தந்த காசில்தான்
கரண்ட் பில் கட்டிக்கொண்டிருந்தேன்.
அதை யாரிடம் சொல்ல?

புதினாப் பொட்டலம் போட்டிருந்த கண்ணாடி ஜாடியை
சாம்பல் போட்டு, வெந்நீர் ஊற்றி,
வெயிலில் ஒருநாள் முழுக்கக் கவிழ்த்து வைத்தேன்.
கடலை மிட்டாய் நிரப்பினேன்.
மறுநாள் முதல் மணிக்கு முன்னால்
ஒரு ரெண்டாம் வகுப்பு வாங்கிக் கடித்து
மூக்கைச் சுளித்து
திரும்பி வந்து நின்றது:
"அக்கா, இது ஜில்லுன்னு இருக்கு."