பதினோரு நிமிடக் கறுப்பு

மாக்வாலா கதை எழுதிக்கொண்டு படமெடுப்பவள் அல்ல.
ஸ்வனேத்தி மலையூரில் மின்சாரம் போனாலும்
கேமராவை ஓடவிடச் சொல்வாள்.
ஒருமுறை பதினோரு நிமிடம் வெறும் கறுப்பு.
"வெட்டாதே. அதுவும் இந்த ஊர்தான்."

நான் ஒலிப்பதிவுக்காரன்.
பிமுர்சாவின் தொழுவச் சுவரில் ஒலிவாங்கியை ஒட்டினேன்.
மாடு அசைபோடும் சத்தம்;
அதற்கும் அடியில், மூச்சுவிடாமல்,
தகரத்துக்குள் அடைத்த தேன்கூடு மாதிரி ஒன்று.

நாணயம் தோண்டும் கணினி எவர் வீட்டிலும் இல்லையென்று
தேவாலயத்தில் ஊரே சத்தியம் செய்திருந்தது.
"செய்தேன்தான்" என்றார் பிமுர்சா,
"மாடு செய்யவில்லையே."
வெளியே இடுப்பளவு பனி.
மாடு அந்தச் சுவரில் சாய்ந்து
கண்மூடி வெயில் காய்ந்தது.
மாக்வாலா அதன் முதுகை மட்டும் எடுத்தாள்.

மார்ச்சில், கல்கோபுரத்தில் வெள்ளைக் கம்பளி கட்டித் திரையிட்டோம்.
நாற்பது பேர், ஒரு நாய்.
நடுவில் இருட்டு.
படத்தின் இருட்டா, ஊரின் இருட்டா?
எவரும் எழவில்லை.
மணிக்கூட்டைப் பார்த்தேன்: பன்னிரண்டு, பதின்மூன்று.
வெளிச்சம் வந்தது, போனது. மறுபடி வந்து போனது.
பின்வரிசையிலிருந்து
ஒரு சோடி பூட்ஸ் பனியை மிதித்துக்கொண்டு
தொழுவப் பக்கம் போயிற்று.
ஒருவரும் திரும்பிப் பார்க்கவில்லை.

பிறகு வந்த வெளிச்சம் நின்றது.
திரையில் மாட்டின் முதுகு.
ஒலிபெருக்கியில் அந்த ரீங்காரம்,
இப்போது அங்கே மட்டும்.

காலையில் கம்பளியைக் காணோம்.
மாட்டின் மேல் கிடந்தது.