மேசையின் கால்

ஆறு கடை. இரண்டரை மணித்தியாலம்.
தண்ணீர்ப் போத்தல் இலவசம்.
ஐந்தே முக்காலுக்கு மணிக்கூட்டுக் கோபுரத்தடியில்
மஞ்சள் குடையோடு நிற்பேன்.
மழைக்கில்லை, அடையாளத்துக்கு.

அன்றைக்கு நாலு பேர்.
நெதர்லாந்துக் கணவன் மனைவி,
உறைப்பு வேண்டாமென்று முதலே எழுதித் தந்த ஜெர்மன்காரர்,
வியட்நாமிலிருந்து தனியாக வந்த ஒருத்தி.
பேர் தூய் என்றாள்.
மிச்சமும் வருமென்று காத்திருந்தேன்.
அவ்வளவுதான்.

முதலில் இறால் வடை.
"இன்று காலை வாவியில் பிடித்த இறால்" என்பேன்.
பண்ணை இறால், ஐஸ் பெட்டியில் வருவது.
வடை போடும் கயிலேசன் அண்ணன்
நான் என்ன சொன்னாலும் ஓமோம் என்று தலையாட்டுவார்,
விளங்காமல்.

இரண்டாவது கொத்து.
"முப்பது வருடமாக இதே கல், இதே கை."
கை, கட்டாரிலிருந்து போன சித்திரைக்குத் திரும்பி வந்தது.
கல் அதற்கும் பிறகு.
தகடுகள் சண்டை பிடிக்க
டச்சுக்காரி வீடியோ எடுத்தாள்.
தூய் குனிந்து
அடுப்பு மேசையின் காலைப் பார்த்தாள்.
விலைச்சீட்டு ஒட்டியிருந்த பசை
அதில் இன்னும் போகவில்லை.

மூன்றாவது கடைக்குப் போகிற சந்தியில்
சீமெந்தில் ஒரு பெரிய பீப்பாய்.
"இது என்ன?" ஜெர்மன்காரர்.
"பூச்சாடி" என்றேன்.
பொய்யில்லை, குறோட்டன் ஒன்று நிற்கிறது.
றோட்டுப் பக்கமாக ஒரு சதுரத் துவாரமும் இருக்கிறது.
தூய் அதற்குள் விரலை விட்டு எடுத்தாள்.
ஒன்றும் கேட்கவில்லை.

தயிர்க் கடையில்
சட்டியைக் கவிழ்த்துக் காட்டுவது என் வித்தை.
விழாது.
ஒருமுறை விழுந்தது, ஒரு நியூசிலாந்துச் சப்பாத்தில்.
எல்லாரும் பாணி ஊற்றிச் சாப்பிட்டுக்கொண்டிருக்கையில்
பக்கத்தில் வந்து நின்றாள்.
"அந்தக் கல், உண்மையாக எத்தனை வருடம்?"
"ஒன்று. ஒன்றுகூட இல்லை."
"ஹூவேயில் நானும் இதே வேலைதான்.
எங்கள் நூடுல்ஸ்காரி நாலாம் தலைமுறை என்று சொல்வேன்.
என்னோடு பள்ளிக்கூடம் படித்தவள்.
ஒரு வெள்ளத்துக்குப் பிறகு கடை போட்டாள்."
பிறகு, கரண்டியை நக்கிவிட்டு,
"என்னிடமும் ஒரு பூச்சாடி இருக்கிறது.
என் குடை பச்சை."

எட்டரைக்கு மற்ற மூவரையும் ஓட்டோவில் ஏற்றினேன்.
ஆளுக்கொரு கவர் தந்தார்கள். அவளும் தந்தாள்.
தந்துவிட்டுப் போகவில்லை.
"நீ ஒன்றும் சாப்பிடவில்லை."

வழிகாட்டி சாப்பிட முடியாது,
வாய் கதைக்க வேணும்.
ஆறு கடை ருசியையும் சொல்லிச் சொல்லி
இந்த நேரத்துக்கு என் வயிறு ஒரு உறுமல் உறுமும்.
ஒருவருக்கும் கேட்டதில்லை.
அது கேட்பதற்கு
அதே வேலை செய்த காது வேணும்.

பஸ் ஸ்ராண்டுக்குப் பின்னால்
ஷட்டர் பாதி இறங்கின கடை.
குனிந்து போனோம்.
"என்னகா மிச்சம் கிடக்கு?"
"நாலு பராட்டா. ஒல்லுப்போல பருப்பு."
"போதும், தாங்க."

தூய் பையைத் துழாவி
விரல் நீளப் போத்தலொன்றை எடுத்து
பருப்பில் ரெண்டு சொட்டு விட்டாள். எனக்கும் விட்டாள்.
கருவாடு காயும் நாவலடிக் கரை
அப்படியே மேசைக்கு வந்தது.
அவளுக்கு அதைச் சொல்லவில்லை.
வேலை முடிந்துவிட்டது.

கதைக்காமல் சாப்பிட்டோம்.
பராட்டா றப்பர் மாதிரி.
பருப்பில் கல்.
நான் மூன்று, அவள் ஒன்று.
அவள் தந்த கவரைப் பிரித்து
அந்தக் காசையே கொடுத்தேன்.
பார்த்தாள், பிறகு
பார்க்காத மாதிரிக் கை கழுவப் போனாள்.

மிச்சக் காசை எண்ணி வைத்த முதலாளி
ஒருவரும் கேட்காமலே
தன் இங்கிலீசில் அவளிடம் சொன்னார்:
"மேடம், இது நாப்பது வருசக் கடை."

இரண்டு பேரும் ஒரே நேரத்தில்
மேசையின் காலைப் பார்த்தோம்.