என்ஜின் பங்கு

சனிக்கிழமைதான் அழைப்பு.
பத்து நிமிடம்; அதில் இரண்டு
குரல் கடலைக் கடப்பதில் போய்விடும்.
மண்டபம் ஐஸ் பிளாண்டின் பின்சுவரில்
சாய்ந்து நின்றால் சிக்னல் அறுவதில்லை.
"அங்க மழையோ?" என்பான் கஜீபன்.
எப்போதும் அதுதான் முதலில்.

கனடா என்று ஏறிய படகு
என்ஜின் நின்று, நீர் புகுந்து,
டியாகோ கார்சியாவில் கரையேற்றப்பட்டு
இது மூன்றாவது வருடம்.

"அந்தத் தீவு யாருக்குச் சொந்தம்?"
ஏலக்கூடத்தில் அந்தோணியடிமை கேட்டார்.
வெள்ளைக்காரனுக்கு என்றேன்.
"எந்த வெள்ளைக்காரனுக்கு?"
கையிலிருந்த பேனா நின்றது.

கொடி லண்டனுடையது.
ஓடுதளம் வாஷிங்டனுடையது.
கூடாரத்துக்குக் காவல் ஒருவன் சம்பளம்,
உள்ளே எலி கடித்தால் போடும் ஊசி
மற்றவன் மருந்து.
எப்போது விடுவீர்கள் என்று கேட்டால்
"ஒராள் மற்றாளைக் கைகாட்டுவினம்,
நல்ல மரியாதையா" என்கிறான்.

பங்குக் கணக்கு எழுதத் தொடங்கிப் பதினோரு வருடம்.
இந்தக் கரையில் வள்ளம் ஒருத்தருக்கும்
என்ஜின் இன்னொருத்தருக்கும் இருப்பது புதிதில்லை.
டீசல், ஐஸ், பேட்டா கழித்து மீதியைப் பிரிப்போம்.
முகப்பில் வள்ளக்காரர் மகளின் பெயர்,
பக்கத்தில் ஒரு ரோஜாப்பூ.
எந்தப் பக்கம் ஓட்டுவது என்பதை மட்டும்
என்ஜின்காரர் சொல்வார்.
"நானும் அதத்தான் நினைச்சேன்" என்பார் வள்ளக்காரர்.
அந்த ஒரு வாக்கியத்தைக் கேட்டுக்கேட்டு
இரண்டு வல்லரசுகளின் நட்பு
அரசியல் படிக்காமலே எனக்கு விளங்கிவிட்டது.

தீவுக்குக் குத்தகைப் பணம் இல்லையாம்.
ஏவுகணை வாங்கியதில் தள்ளுபடியாம்.
எந்தப் பத்தியில் எழுதியிருப்பார்கள் இதை,
வரவிலா, கழிவிலா?
அங்கே குடியிருந்த சனத்தைக் கப்பலேற்றும்போது
ஆளுக்கொரு பெட்டி என்றார்களாம்.
வளர்த்த நாய்களையும் கொன்றார்களாம்.
அந்தோணியடிமை எழுந்து போய்
வெற்றிலையைத் துப்பிவிட்டு வந்து உட்கார்ந்தார்.
"கச்சத்தீவக் குடுத்தப்ப
எங்கிட்டயும் ரசீது காட்டல."
அதற்கு மேல் பேசவில்லை.

நானும் ஒரு பெட்டியோடு வந்தவள்தான்.
முகாமில் நான் படுக்கும் அறையைக் கட்டியவன்
கூலிகளுக்கு நோய் பார்த்துத்
தேயிலைக்கு அனுப்பிய வெள்ளைக்காரன்.
சுவர் இன்னும் உறுதி. கூரைதான் ஒழுகுகிறது.

இரவில் விமானம் கிளம்புமாம்.
கூடாரத்துக் கம்பிகள்
குளிரில் பல்லைப்போல அடித்துக்கொள்ளுமாம்.
எங்கே போகிறது என்று கேட்கக் கூடாது.
"நீ டிவியில பாத்து வை அக்கா,
அடுத்த கிழமை சொல்லு."

பார்த்து வைப்பேன்.
இரண்டு கொடிகளுக்கு முன்னால் இரண்டு பேர்.
தோளோடு தோள் என்று முதலில் ஒருவர்.
கொஞ்சம் பொறுத்து மற்றவர்,
நானும் அதத்தான் நினைச்சேன் என்கிற முகத்தோடு.
கீழே ஓடும் எழுத்தில் ஓர் ஊரின் பெயர்.
சனிக்கிழமை அந்தப் பெயரை அவனுக்குச் சொல்வேன்.
கொஞ்ச நேரம் பேசமாட்டான்.
நிமிடங்கள் அதிலும் போகும்.

வலையில் வேண்டாமல் ஏறுவதற்குச்
சங்காயம் என்று பெயர்.
கடலுக்குத் திருப்பியும் போடமாட்டார்கள்.
காய்ந்து கோழித்தீவனத்துக்குப் போகும்.
அதற்குப் பங்கில்லை,
நோட்டில் எடை மட்டும் உண்டு.

"திங்களுக்குத் திங்கள் எங்களை
நிறுத்துப் பாக்கினம்" என்றான் போன வாரம்.
ஏன் என்றேன்.
"தெரியேல்ல. ரெண்டு பேரும் வந்து நிண்டு எழுதுகினம்."
எவ்வளவு?
"நாப்பத்தொன்பது."

லைன் போனபிறகு
அன்றைய பக்கத்தின் ஓரத்தில் அதை எழுதினேன்.
மாலையில் கூட்டும்போது
இரண்டு தடவையும் கணக்கு நேராகவில்லை.