பீப்பாய், மூன்றாவது

பதினோரு கட்டுரைகள், முன்னூற்று நாற்பது பக்கம்,
ஸ்டெய்ன்வோரின் நாடகங்களும் அவை மேடையேறிய விதமும்.
சொல்லடைவு போடும் வேலை எனக்கு.
அக்குரேரியில் நவம்பர்.
மூன்றரை மணிக்கே விளக்கைப் போட்டாயிற்று.

முதல் சண்டை பதிப்பாசிரியரோடு.
கீல் நகரத்துப் பேராசிரியர் அவளை வரிக்கு வரி
ஹால்கிரிம்ஸ்தோத்திர் என்கிறார்.
அது பெயரில்லை ஐயா,
ஹால்கிரிமின் மகள் என்கிற தகவல்.
அந்த இடத்தில் தேடினால் அப்பா வருவார்.
அவர் படகுக்குத் தார் பூசியவர்,
நாடகம் எழுதியவரல்லர்.

பிறகு பீப்பாய்.
ஹெர்ரிங் மீனுக்கு உப்பிடும் பெண்கள் மூவர்,
மேடையில் பீப்பாய்கள் மூன்று.
இரண்டு திறக்கும்.
மூன்றாவது, நாடகம் முடிந்தும் திறக்காது.

நாற்பத்தொன்றாம் பக்கத்தில் அது கருப்பை.
தொண்ணூற்றேழில் சவப்பெட்டி.
கீல்காரருக்கு அது போருக்குப் பிந்தைய ஐரோப்பா.
எல்லாவற்றையும் சிரிக்காமல் குறித்துக்கொண்டேன்.

தோர்கில்ஸ் என்றொரு ஆய்வு மாணவன்,
அவன் ஒருவன்தான் ரசீதுகளைத் தேடிப் போயிருக்கிறான்.
முதல் அரங்கேற்றத்துக்கு வாங்கிய பீப்பாய் மூன்று.
ஒன்றின் பக்கவாட்டில் ஏழு துளையிடத் தச்சருக்குக் கூலி.
துளை எதற்கு என்று கேட்டுவிட்டு
அடுத்த பத்திக்குப் போய்விட்டான்.
அவ்வளவு கிட்டத்தில் வந்தவன்.

மூச்சுவிடத்தான், தம்பி.
உள்ளே இருந்தது நான்.

பெர்க்தோராவுக்கு இரண்டாம் அங்கம் மனதில் நிற்காது.
எடுத்துக்கொடுக்க ஆள் வேண்டும்,
மேடைக்குப் பக்கவாட்டில் ஒளிய இடமில்லை.
எனக்கு இருபத்திரண்டு வயது, நாலே முக்கால் அடி,
அதுதான் தகுதி.
மடியில் பிரதி, பல்லிடுக்கில் டார்ச்.
சுவரெல்லாம் பழைய உப்பு,
சாய்ந்தால் முதுகு அரிக்கும்.
பிரதியில் இருப்பதை மட்டும் சொல்,
வேறெதற்கும் வாயைத் திறக்காதே என்றிருந்தார்கள்.

இருநூற்று மூன்றாம் பக்கத்தில்
"மூழ்கியவர்களின் கிசுகிசுப்பு" என்று வருவது
முன்வரிசையில் யாருக்கோ காதில் விழுந்த
"கத்தியை எடு, பெர்க்தோரா."

முதல் நாள் ஆட்டம் முடிந்து
எல்லாரும் குடிக்கப் போன பின்
ஒரு ஜோடிக் காலணி திரும்பி வந்தது.
மூடியில் தட்டியது, இரண்டு முறை.
பிரதியைப் புரட்டினேன்.
தட்டல் எதுவும் அதில் இல்லை.
நாடகம் முடிந்ததா இல்லையா என்று யாரும் சொல்லவில்லை.
பேசாமல் இருந்தேன்.
காலணி நின்றது, வெகுநேரம்.
பிறகு போனது.
மரத்த காலோடு நான் ஏறி வெளியே வந்தபோது
மேடையில் அவளுடைய கம்பளிக் கையுறை ஒன்று கிடந்தது.

இரண்டாம் பதிப்பின் கடைசி வரி இப்படி:
மூடியில் இரு தட்டல். பதில் இல்லை. இருள்.

அந்த இல்லாத பதிலுக்கு
இந்த நூலில் பதினான்கு பக்கம்.
ஒருவர் கடவுள் என்கிறார், ஒருவர் அரசு என்கிறார்,
அடிக்குறிப்பில் ஒருவரையொருவர் நாசூக்காகத் திட்டுகிறார்கள்.
அவள் போய்ப் பதினாறு வருடம்.
நான் கேட்கவுமில்லை,
கையுறையைத் திருப்பிக் கொடுக்கவுமில்லை.

நூலில் இல்லாததைச் சொல்லடைவில் சேர்க்கக் கூடாது.
என் தொழிலில் அது ஒன்றே சட்டம்.
இரண்டு பிழைப்பிலும் எனக்கு வாய்த்தது ஒரே சட்டம்.
ஆனால் மூச்சு என்ற சொல்
நூலில் ஓரிடத்தில் வருகிறது,
பக்கம் 288, பெர்க்தோராவின் ஆஸ்துமா.
போதும்.

எங்கள் அகரவரிசையில் மூச்சு முதல் பக்கத்திலேயே வந்துவிடும்.
பீப்பாய்க்கு மௌனத்தின் பக்கத்துத் தெரு, கடைசியில்.
மூச்சு: 288. மேலும் பார்க்க: பீப்பாய், மூன்றாவது.
பீப்பாய், மூன்றாவது: 41, 97, 203, மற்றும் பல.
மேலும் பார்க்க: மூச்சு.

மெய்ப்பு திரும்பி வந்தது.
அந்த வரிக்கு நேரே ஓரத்தில், பென்சிலில்,
இரண்டு கேள்விக்குறிகள்.

அழிப்பானைத் தேடி எடுத்தேன். வைத்துவிட்டேன்.
உறையை ஒட்டி
அப்படியே தபாலில் சேர்த்தேன்.